வையாபுரி சார் வீட்டுத் தூண்

உக்காருங்க, ஃபேனைப் போடறேன். ஆத்தூர்லருந்தா இந்த வெயில்ல வர்றீங்க? ஃபோன்லயே கேட்டிருக்கலாமுங்க. இல்ல, அதுவும் சரிதான். ஆளைப் பத்தி விசாரிக்கறதுன்னா மூஞ்சியப் பாத்துத்தான் விசாரிக்கணும்.

சீரங்கனைப் பத்தித்தானே. பதினெட்டு வருசம் எங்கூட சென்ட்ரிங் வேலை பாத்தவன், கான்கிரீட் ஊத்தறதுக்குப் பலகை அடிச்சு முட்டுக் கொடுக்கற வேலை. என் சம்சாரத்துக்குக் கூடப் பொறந்த தம்பி, அதையும் இப்பவே சொல்லிடறேன். பின்னால தெரிஞ்சு, மச்சினனுக்குச் சிபாரிசு பண்ணிட்டான் பாருன்னு நீங்க நெனைக்கக் கூடாது. நல்ல வேலைக்காரனுங்க. குடி கெடையாது. வர்றேன்னு சொன்ன நாளைக்கு வந்துருவான், எங்க தொழில்ல அதுவே பெரிய அதிசயம். அவன் பலகை அடிச்சான்னா பாலை ஊத்தினாக்கூட ஒழுகாது. உங்க கல்யாண மண்டபத்துக்குத் தாராளமா எடுத்துக்கங்க.

அவ்வளவுதானுங்க. வேறென்ன இருக்கு.

ஓ. தூண் கதை ஆத்தூர் வரைக்கும் வந்துருச்சா.

என்னன்னு சொன்னாங்க? 'ராசிபுரத்துல பீமுக்கு முட்டுக் கொடுத்த கம்பத்தை நாள் ஆகறதுக்கு முன்னாடியே உருவி, ஒரு வீட்டு ஹாலுக்கு நடுவுல தூண் நிக்க வெச்சவன் அவன்.' ம். அப்படித்தான் சொல்லுவாங்க. ஊரே அப்படித்தான் சொல்லுது. ஊருக்கு மொதல்ல சொன்னவன் யாருன்னு எனக்குத் தெரியும், அதுக்கு வர்றேன்.

நீங்க கட்டட ஆளா? இல்லையா, மண்டபத்துக்குக் கணக்கு வழக்குப் பாக்கறவரா? அப்ப கொஞ்சம் வெளக்கமாச் சொல்றேன். சொல்லாம அனுப்பிடலாம்னுதான் பாத்தேன். நல்ல வேலைக்காரன்னு ரெண்டு வார்த்தை சொன்னேன் பாருங்க, அதோட முடிஞ்சிரும்னு. நீங்க எந்திரிக்காம உக்காந்திருக்கீங்க. சரி.

நான் மேஸ்திரிங்க. கார்டுல இன்ஜினியர்னு போட்டிருக்கும். பொய் இல்ல. சேலத்துல சாயங்கால பாலிடெக்னிக்குல நாலு வருசம் படிச்சு டிப்ளமா வாங்கினேன். சைட்டுல அஞ்சு மணிக்குக் கை கழுவிட்டு பஸ் ஏறுவேன். கால்ல சிமெண்டு காய்ஞ்சு போயிருக்கும், பக்கத்துல உக்காந்தவன் வேட்டிய ஒதுக்கிக்குவான். அப்ப முப்பத்தாறு வயசு எனக்கு, கிளாசுல வாத்தியாரு எனக்கு எளையவரு. பாஸ் பண்ணினப்ப சைட்டுல சித்தாளுங்க உட்பட எல்லாரும் 'வாங்க இன்ஜினியரே'ன்னாங்க. அதுல பாதி மரியாதை, பாதி கேலி. எனக்கு ரெண்டும் இனிச்சுதுங்க. எந்தப் பாதி எதுன்னு நான் பிரிச்சுப் பாக்கலை.

நம்ம வையாபுரி சார், தபால் ஆபீசுல இருந்து ரிடையர் ஆனவர், பட்டணம் ரோட்டுல வீடு கட்டினார். ஒரே பொண்ணு. பொண்ணு நிச்சயதார்த்தம் சொந்த வீட்டு ஹால்ல நடக்கணும், நூறு பேரு உக்காரணும், நடுவுல தூண் எதுவும் மறைக்கக் கூடாது. அதுதான் அவரு ஆசை. தூணே இருக்கக் கூடாதுங்கறதுக்காகக் கட்டின ஹாலுங்க அது. இருபத்திரண்டு அடி அகலம். தூண் இல்லைன்னா மேல இருக்கற பாரத்தையெல்லாம் ஒரு பீம் தாங்கணும், இந்தச் சுவத்துலருந்து அந்தச் சுவத்துக்கு. சேலத்து இன்ஜினியர் ஒருத்தர் வரைபடம் போட்டுக் கொடுத்திருந்தாரு. பீம் ரெண்டடி ஆழம். அதாவது கூரையில இருந்து ஒண்ணரை அடிக்கு மேலயே கீழ தொங்கும்.

அங்கதான் வாஸ்துக்காரர் வந்தாருங்க. பொண்ணும் மாப்பிள்ளையும் உக்கார்ற மணை நேரா அந்த பீமுக்கு அடியில வருது. உத்தரத்துக்கு அடியில பொண்ணை உக்கார வெச்சா ஆயுசுக்கும் அது தலையில பாரம்னுட்டாரு. அதுக்குப் பரிகாரமும் அவரே சொன்னாரு, ஒரு சாண் தொங்கலாம், ஒண்ணரை அடி தொங்கக் கூடாதாம். எந்தச் சாஸ்திரத்துல சாண் கணக்கு இருக்குதோ.

வையாபுரி சார் எங்கிட்ட வந்தாரு. "ஆழத்தைக் கொஞ்சம் கொறைக்க முடியாதா? நீங்களும் இன்ஜினியர்தானே, மாதேஸ்வரன்"னாரு.

முழுப் பேரைச் சொன்னாருங்க. ஊருக்கே நான் மாதேசு. வாங்க போங்கன்னு, மாதேஸ்வரன்னு, பேங்குல கூட அப்படிக் கூப்பிட்டதில்ல.

ஒரு பலகையைப் படுக்க வாக்குல போட்டு ஏறி நின்னா வளையும். அதே பலகையை நிமித்தி வெச்சு நின்னா வளையாது. ஆழம்தானுங்க பீமுக்கு பலம். இது தெரிய டிப்ளமா வேண்டியதில்ல, சாரம் கட்டறவனுக்கே தெரியும். ஆனா தெரிஞ்சதைத் தள்ளி வெக்கறதுக்கு டிப்ளமா ஒத்தாசையா இருந்துது. நோட்டை எடுத்துக் கணக்குப் போட்டேன். ஆழத்தைப் பதினஞ்சு அங்குலம் ஆக்கு, கம்பியைக் கூட்டு, சரியாப் போச்சுன்னு அடியில ரெண்டு கோடு போட்டு முடிச்சேன். சேலத்து இன்ஜினியருக்கு ஒரு ஃபோன் போட்டிருந்தா போதும். போடலை. போட்டா வேண்டாம்னு சொல்லுவாருன்னு எனக்குத் தெரியும்.

சீரங்கன் பலகை அடிக்க வந்தான். பாத்த உடனே கண்டுபிடிச்சுட்டான். "மாமா, பீம் பெட்டி ஆழம் கொறையுதுங்களே"ன்னான். கம்பி கூட்டியிருக்கேன்டான்னேன். சரிங்க மாமான்னுட்டான். ஆனா முட்டுக் கம்பத்தை மூணடிக்கு ஒண்ணு வெக்கறவன், ரெண்டடிக்கு ஒண்ணா வெச்சான். சவுக்குக் கம்பமா நட்டு ஹாலே தோப்பு மாதிரி ஆயிப்போச்சு. மனுசன் நடமாட வேண்டாமான்னு நான் சத்தம் போட்டேன். அவன் கேக்காத மாதிரி ஆப்பு அடிச்சுக்கிட்டிருந்தான். எனக்கு அப்பவே கொஞ்சம் சுருக்குன்னுதாங்க இருந்துது. எங்கணக்கை இவன் கம்பத்தால திருத்தறானேன்னு.

அந்த ஐப்பசியில மழை பிடிச்சுக்கிச்சு. ஒரு வாரம் கான்கிரீட் தள்ளிப் போச்சு. நிச்சயத்தைத் தள்ள முடியுமா? பத்திரிகை அடிச்சாச்சு. கான்கிரீட் போட்ட பதினேழாவது நாள் நிச்சயம். அதுக்குள்ள பூசணும், வெள்ளை அடிக்கணும், பந்தல் போடணும். முட்டெல்லாம் நின்னா எப்படிப் பூசறது?

இருபது அடிக்கு மேல போற பீமுக்கு முட்டு இருபத்தொரு நாள் நிக்கணும். இது பரீட்சையில வந்த கேள்விங்க. ரெண்டு மார்க். முழுசா வாங்கினேன்.

ஒம்பதாவது நாள் நான் சீரங்கனைக் கூப்பிட்டுப் பிரிக்கச் சொன்னேன். ஒவ்வொரு முட்டுக்கும் அடியில எதிரும் புதிருமா ரெண்டு மர ஆப்பு இருக்கும். அவன் வந்து சுத்தியலால ஒவ்வொரு கம்பமாத் தட்டிப் பாத்தான். அவனுக்கு அது ஒரு பழக்கம். பாரம் இல்லாத கம்பம் கணீர்னு கேக்குமாம், பாரம் ஏறின கம்பம் மொத்துன்னு கேக்குமாம். புத்தகத்துல இதெல்லாம் இல்லீங்க. கடைசிக் கம்பம் வரைக்கும் தட்டிட்டு நிமிந்தான். பூச்சு வேலைக்காரங்க, சித்தாளுங்க, எலக்ட்ரீசியன், ஒரு பத்துப் பேரு நிக்கறாங்க. அவங்க முன்னாடி சொல்றான், "ஆப்பெல்லாம் கடிச்சுக்கிட்டு நிக்குது மாமா. பாரம் பூரா இன்னும் கம்பத்து மேலதான் இருக்குது. இருபத்தெட்டு நாள் ஆகாம நான் இதுல கை வெக்க மாட்டேன்."

தனியாக் கூப்பிட்டுச் சொல்லியிருந்தான்னா கேட்டிருப்பேன். கேட்டிருப்பேனோ என்னமோ. அத்தனை பேரு முன்னாடி சொல்லிட்டான். எலக்ட்ரீசியன் வேற, "இன்ஜினியர் என்ன சொல்றாரு?"ன்னு கேட்டான். சிரிச்சுக்கிட்டே கேட்டான்.

நான் சொன்னேங்க, "சென்ட்ரிங்காரனுக்கு எதுக்குடா கான்கிரீட் கணக்கு? அதுக்குப் படிச்சவன் இருக்கான். நீ பலகையைப் பாரு."

அவன் சுத்தியலைக் கீழ வெச்சான். தூக்கிப் போடலைங்க, குனிஞ்சு வெச்சான். துண்டை எடுத்து ஒதறித் தோள்ல போட்டுக்கிட்டுப் போயிட்டான்.

அப்பறம் முட்டுக் கம்பத்தையெல்லாம் பிரிச்சோம்.

பிரிச்சோம்னு சொல்லக் கூடாது. பாருங்க, இத்தனை வருசமாச் சொல்லிச் சொல்லி நாக்கு அந்தத் தடத்துலயே போகுது. பிரிச்சது நான். அவன் வெச்சுட்டுப் போன சுத்தியலை எடுத்து நாந்தான் ஆப்பைத் தட்டினேன். அதையும் மொறையாத் தட்டினேங்க, நடுவுல ஆரம்பிச்சு ரெண்டு ஓரத்துக்கும். அதுல தப்பில்ல. தப்பில்லாமச் செஞ்சது அது ஒண்ணுதான்.

சாயங்காலம் வரைக்கும் ஒண்ணுமே ஆகலை. பீம் அப்படியே நிக்குது. எலக்ட்ரீசியனைக் கூப்பிட்டு, பாத்துக்கன்னு காட்டினேன். அன்னிக்கு டீ கூட நான்தான் எல்லாருக்கும் வாங்கிக் கொடுத்தேன்.

மறுநாள் காலையில பூசறதுக்கு நூல் பிடிச்சாங்க. நடு மத்தியில பீம் ரெண்டு விரக்கடை எறங்கியிருக்குது. அடியில மயிரிழை மாதிரி மூணு வெடிப்பு. பூச்சு வேலைக்காரன் நூலைப் பிடிச்ச கையை எடுக்காமலே என்னைத் திரும்பிப் பாத்தான்.

யாருக்கு ஃபோன் போட்டேன்னு நெனைக்கறீங்க? அவனுக்குத்தான். மாப்ள, கொஞ்சம் வந்துட்டுப் போன்னேன். அரை மணி நேரத்துல வந்துட்டான். மேல பாத்தான். என்னைப் பாக்கலை. கம்பத்தையெல்லாம் இழுத்துட்டு வந்து மறுபடியும் நட்டான். நான் அப்பவே சொன்னனேன்னு ஒரு வார்த்தை கேக்கலைங்க. கேட்டிருந்தா நல்லாருந்திருக்கும். எனக்குக் கோவம் வந்திருக்கும், நாலு பேச்சுப் பேசியிருப்பேன், பேச்சு வாக்குல உண்மையும் வெளிய வந்திருக்கும்.

அப்பத்தான் வையாபுரி சார் உள்ள வர்றாரு. கையில மஞ்சப்பை, பை நெறையப் பத்திரிகை. மேல பாத்தாரு, கம்பத்தைப் பாத்தாரு, என்னைப் பாத்தாரு. பத்திரிகைப் பையைக் கீழ வெக்கக் கூடத் தோணலை அவருக்கு. "யாருங்க இதைப் பிரிச்சது?"ன்னாரு.

"சீரங்கன் அவசரப்பட்டுட்டான் சார்"னேன்.

மூணே வார்த்தைங்க. யோசிச்சுச் சொல்லலை. மூஞ்சிக்கு நேரா எதாவது வந்தா கை தானா மேல போகும் பாருங்க, அந்த மாதிரி வந்துருச்சு. வந்ததுக்கப்பறம் திருப்பி வாங்கியிருக்கலாம். நேரம் இருந்துது. வையாபுரி சாரு அவன் பக்கம் திரும்பினாரு, ஏப்பா, இருபது வருச அனுபவம் இருந்தும் இப்படிப் பண்ணலாமான்னு கேட்டாரு. அத்தனை நேரம் இருந்துது எனக்கு. பூச்சு வேலைக்காரங்க எல்லாரும் அங்கதான் நிக்கறாங்க. முந்தின நாள் சுத்தியல் யாரு கையில இருந்துதுன்னு அவங்களுக்குத் தெரியும். எல்லாருக்கும் அடுத்த வேலை நான்தானே கொடுக்கணும். ஒருத்தனும் வாயத் தொறக்கலை.

சீரங்கன் ரெண்டு கையிலயும் ஒரு கம்பத்தைப் பிடிச்சுக்கிட்டு நின்னான். என்னைப் பாத்தான். ரொம்ப நேரமெல்லாம் இல்ல, ஒரு மூச்சு விடற நேரம். அப்பறம் சொன்னான், "ஆமாங்க சார். என் தப்புதான்."

அவரு போனதும் நான் அவன் பின்னாடியே வெளிய வந்தேன். என்ன சொல்லலாம்னு வந்தேன்னு எனக்கே தெரியலை. அவன் சைக்கிளை எடுத்துக்கிட்டே சொன்னான், "அக்கா நம்ம தெரு பூரா எங்க வீட்டுக்காரரு இன்ஜினியருன்னு சொல்லி வெச்சிருக்குது மாமா. போங்க, உள்ள வேலையைப் பாருங்க."

அவ்வளவுதான். அஞ்சே நாள்ல அஸ்திவாரம் தோண்டி, பீமுக்கு நடுவுல தூணைக் கட்டி எழுப்பினோம். தூண் இருக்கக் கூடாதுன்னு கட்டின ஹால்ல, சரியா நடு மத்தியில, ஒண்ணேகால் அடிக்கு ஒண்ணேகால் அடி. நிச்சயதார்த்தம் நடந்துது. ஃபோட்டோக்காரன் பட்ட பாடு இருக்கே. எந்தப் படத்துலயும் பொண்ணு இருந்தா மாப்பிள்ளை இல்ல, மாப்பிள்ளை இருந்தா சம்பந்தி இல்ல. ஆல்பத்துல அதிகமா விழுந்தது தூண்தான். வாஸ்துக்காரரு வந்து பாத்துட்டு, இதுக்கு அந்த உத்தரமே தேவலைன்னுட்டுப் போனாரு.

வையாபுரி சாரு நல்ல மனுசனுங்க, ஆனா ரிடையர் ஆனவரு. தெனமும் பஸ் ஸ்டாண்டு வரைக்கும் நடப்பாரு, நாலு டீக்கடையில உக்காந்து தூண் கதையைச் சொல்லுவாரு. எம்மேல குறை சொல்லலை. 'பாவம் மாதேஸ்வரன், மச்சினனை நம்பி மோசம் போயிட்டாரு'ன்னு சொல்லுவாரு. எனக்கு அதுல பேரு கூடிப் போச்சுங்க. சீரங்கனுக்கு ஒருத்தனும் பீம் வேலை தரலை. சுவத்துக்குச் சாரம் கட்டக் கூப்பிட்டாங்க, அப்பறம் அதுவும் இல்ல. செங்கல் சூளையில லாரிக்கு லோடு ஏத்தப் போனான். மூணு வருசமா அதான். கல்லைத் தூக்கித் தூக்கித் தோள்பட்டை எறங்கிப் போச்சு அவனுக்கு. ஒரு பக்கமாச் சாஞ்சுதான் நடக்கறான்.

நான் ஏன் கூப்பிடலைன்னு கேக்கறீங்களா? நான் எப்படிங்க கூப்பிட? நானே கூப்பிட்டா, அப்ப அன்னிக்குத் தப்பு யாருதுன்னு ஊரு கேக்காதா?

ஆமா. கேக்கறதுக்கே அசிங்கமாத்தான் இருக்குது. சொல்றவனுக்கு எப்படி இருக்கும்.

இதை விட ஒண்ணு இருக்குதுங்க. பொங்கலுக்கு அவன் அக்காவுக்குச் சீர் கொண்டாருவான். சூளைக்குப் போன வருசம் கூட நிறுத்தலை. அரிசி, வெல்லம், கரும்பு, அவளுக்குச் சேலை, எனக்கு வேட்டி துண்டு. மொத வருசம் அவன் வந்து உக்காந்ததும் எஞ்சம்சாரம் பிடிச்சுக்கிட்டா. 'உன்னால எங்க வீட்டுக்காரரு பேரு கெட்டுருக்கும்டா. அவரு படிச்ச படிப்பு என்ன, நீ பண்ணின காரியம் என்ன'ன்னு, சோறு போட்டுக்கிட்டே திட்டறா. அவன் தலையைக் குனிஞ்சு சாப்பிட்டுக்கிட்டே ஆமாக்கா, ஆமாக்கான்னான். நான் எதுத்தாப்புல உக்காந்து பொங்கல் சாப்பிட்டேன். அவன் எடுத்துக்கொடுத்த வேட்டியைத்தான் கட்டியிருந்தேன். போதும் விடு பூங்கொடின்னு சொன்னேன். அதுக்கு அவ, 'பாத்தியாடா, இன்னும் உனக்குத்தான் பரிஞ்சு பேசறாரு'ன்னா.

சொல்லணும்னு நெனைக்காத நாள் கெடையாதுங்க. நிச்சயம் முடியட்டும்னு இருந்தேன். அப்பறம் அந்தப் பொண்ணு கல்யாணம் முடியட்டும்னு. அப்பறம் வளைகாப்பு. இப்ப அதுக்கு ரெண்டாவது கொழந்தையும் பொறந்தாச்சு, இன்னமும் எனக்குச் சாக்கு கெடைச்சுக்கிட்டே இருக்குது.

அதனால, நீங்க போயி உங்க மொதலாளிகிட்டச் சொல்லிடுங்க. மாதேஸ்வரனே சொன்னான், தப்பு தன்னோடதுன்னு சொல்லுங்க. எம்பேரைச் சொல்லியே சொல்லுங்க, பரவாயில்ல. சீரங்கனை எடுத்துக்கங்க. முட்டுக் கம்பத்தைத் தட்டிப் பாத்துட்டு அவன் வேண்டாம்னு சொன்னான்னா, யாரு எவ்வளவு படிச்சிருந்தாலும் அன்னிக்குப் பிரிக்காதீங்க. ஆனா ஒரே ஒரு ஒத்தாசை. நான் இதையெல்லாம் சொன்னேன்னு சீரங்கங்கிட்ட மட்டும் சொல்ல வேண்டாம். ஆத்தூரு தூரம், ராசிபுரத்துக்குச் சேதி வராது. அப்படியே போயிரட்டும்.

என்ன?

என்ன சொன்னீங்க, அவனா? அவனா எம்பேரைக் கொடுத்தான்? 'எங்க மாமா கிட்டக் கேளுங்க, அவரு என்ன சொல்றாரோ அதை எடுத்துக்கங்க'ன்னானா? அவன் வாயாலயா?

நான் பழைய கதையையே சொல்லியிருந்தா? அதையும் எடுத்துக்கச் சொன்னானா.

கொஞ்சம் இருங்க.

அப்ப, தெருமொனையில நிக்கற வண்டி உங்க வண்டியா. உள்ள உக்காந்திருக்கானா? இத்தனை நேரமா, இந்த வெயில்லயா? வரலைன்னுட்டானா. ஆமா, வர மாட்டான்.

அய்யோ. பூங்கொடி ரேஷன் கடையில இருந்து வர்றா. பாத்துட்டா அவனை. கதவைத் தொறந்து கையப் பிடிச்சு இழுக்கறா பாருங்க. அக்கா வீட்டு வாசல் வரைக்கும் வந்துட்டு வண்டியில உக்காந்திருக்கியாடான்னு திட்டிக்கிட்டேதான் இழுக்கறா. இப்ப உள்ள வந்துருவாங்க ரெண்டு பேரும்.

ஏங்க, நீங்க சொல்லிடறீங்களா? நீங்க வெளியாளு, நிதானமாச் சொல்லுவீங்க. எங்கிட்டக் கேட்டதை அப்படியே...

இல்ல. வேண்டாம். மறுபடியும் இன்னொருத்தனை முன்னாடி நிறுத்தறதுதான் அதுவும். நானே சொல்றேன். நீங்க மட்டும் எந்திரிச்சுப் போயிடாதீங்க, இப்படிப் பக்கத்துலயே இருங்க.

வா மாப்ள. உள்ள வா. பூங்கொடி, அந்தப் பையைக் கீழ வெச்சுட்டு நீயும் இப்படி வந்து உக்காரு. இல்ல, அடுப்படிக்குப் போகாத. மொதல்ல உக்காரு.